ஊட்டிக்குப் போகாத ஜோதிலட்சுமி

ஜோதிலட்சுமிக்கு வாய் கோணிக்கொண்ட அன்று காலை, அவள் முதலில் தகவல் சொன்னது டாக்டருக்கு அல்ல, வானொலி நிலையத்துக்கு. ‘நான் ஊட்டிக்குப் போயிருக்கேன்னு சொல்லிடுங்க’ என்று வாட்ஸ்அப்பில் ஒரு வரி அனுப்பிவிட்டு, அதற்கப்புறம்தான் மாடியிலிருந்து இறங்கி வந்து என் கதவைத் தட்டினாள். வாயைத் துண்டால் மூடியிருந்தாள்.

துண்டை எடுக்கச் சொன்னேன். வலது கன்னம் தொங்கியிருந்தது. வலது கண் மூடவில்லை. பல் விளக்கும்போது கொப்பளித்த தண்ணீர் தானாக வழிந்துவிட்டதாம். கை இரண்டையும் தூக்கச் சொன்னேன், தூக்கினாள். நெற்றியைச் சுருக்கச் சொன்னேன். இடது பக்கம் சுருங்கியது, வலது பக்கம் பலகை மாதிரி நின்றது.

“முகவாதம் மாதிரி இருக்கிறது. ஆனால் டாக்டர்தான் சொல்ல வேண்டும். செருப்பைப் போடு.”

அவள் காதில் பாதிதான் விழுந்தது. “வாதமா? சிஸ்டர், கை காலு வுழுந்துடுமா?”

“அது பக்கவாதம். இது முகத்து நரம்பு. கிளம்பு.”

டாக்டரும் அதையே சொன்னார். நரம்பு வீக்கத்துக்கு மாத்திரை கொடுத்தார். அந்த மாத்திரை சர்க்கரையை ஏற்றும், இவளுக்கோ ஏற்கெனவே சர்க்கரை உண்டு. ஆகவே சில வாரங்களுக்கு இன்சுலின் ஊசி. மூடாத கண்ணுக்குச் சொட்டு மருந்து, படுக்கும்போது இமையை மூடி ஒட்டுவதற்கு ஒரு பட்டை. நான் வேலையிலிருந்து ஓய்வு பெற்ற நர்ஸ், அவளுக்கு நேர் கீழ் வீடு. வேறு யாரைத் தேடுவது? ஊசி என்றதும் அவள் கட்டில் மூலைக்கு ஒதுங்கியதைப் பார்த்தபோது, சென்னையில் பாதிப் பேரைத் திட்டித் தீர்க்கிறவள் இவள்தானா என்று எனக்குச் சந்தேகமாக இருந்தது.

பகலில் வானொலி கேட்பவர்களுக்கு ஜோதி அக்காவை அறிமுகம் செய்ய வேண்டியதில்லை. மற்றவர்களுக்காகச் சொல்கிறேன்.

பிறந்தது சிந்தாதிரிப்பேட்டையில், கூவத்தை ஒட்டிய குடிசை வரிசையில். அப்பா சின்னப்பையன் மீன்பாடி வண்டி மிதித்தார். அம்மா வேலம்மா மார்க்கெட்டில் மீன் விற்றாள். வேலம்மாவுக்கு ஒரு குணம். வாடிக்கைக்காரர் குனிந்து மீனைத் தொடும் முன்பே, “இது நேத்து மீனு. கொயம்புக்கு தாங்காது. வறுத்துக்கோ, இல்ல நாளைக்கு வா” என்று சொல்லிவிடுவாள். பக்கத்துக் கடைக்காரிகள் தலையில் அடித்துக்கொள்வார்கள். ஆனால் மறுநாள் அந்த ஆள் வேலம்மாவிடம்தான் வருவார். அந்த வீட்டில் பொய் என்ற சொல்லுக்குப் பதிலாக ‘நேத்து மீனு’ என்றே சொல்வார்கள். பள்ளிக்கூடத்தில் வயிற்றுவலி என்று சொல்லிவிட்டு மகள் வீட்டுக்கு வந்தால், “இன்னாடி, நேத்து மீனா?” என்பாள் வேலம்மா.

பிறகு ஆற்றோரத்தைக் காலி செய்து அவர்களைக் கண்ணகி நகருக்கு அனுப்பினார்கள். ஜோதிலட்சுமி பிளஸ் டூ முடித்த கையோடு அங்கிருந்து பஸ் பிடித்துத் தியாகராய நகருக்கு வேலைக்கு வந்தாள். ரங்கநாதன் தெருவில் ஒரு ஜவுளிக்கடை. சேலை மடிக்கத்தான் எடுத்தார்கள். வாசலில் மைக் பிடித்துக் கூவுகிறவருக்கு ஒருநாள் தொண்டை கட்டிக்கொண்டதால் இவள் கையில் மைக் வந்தது.

“வாங்கக்கா வாங்க, தீவாளி சேலை. இந்த மெரூன் எடுக்காதீங்க, சாயம் போவும். எடுத்தா தனியா தொவச்சுக்கோங்க. பச்ச நல்லாகீது, பச்சைய பாருங்க.”

கடைக்காரர் ராஜரத்தினம் அண்ணாச்சி, தூத்துக்குடிக்காரர், உள்ளேயிருந்து ஓடி வந்தார். “ஏ பிள்ள! மைக்ல நின்னு சாயம் போவும்ங்கியே, கடைய இழுத்துப் பூட்டவா சொல்லுத?”

“பின்ன போவாதா அண்ணாச்சி?”

“போவும்லா! அதுக்கு?”

அதற்குள் பச்சைச் சேலைக்குக் கூட்டம் உள்ளே நுழைந்துவிட்டது. மெரூனும் போயிற்று, தனியாகத் துவைக்கிறவர்கள் வாங்கினார்கள். அண்ணாச்சி மைக்கைத் திருப்பிக் கேட்கவில்லை.

அந்தத் தெருவில் அப்படி அவள் பேசியதைக் கேட்டவர்தான் சக்திவேல். தங்கை கல்யாணத்துக்குச் சேலை எடுக்க வந்தவர், அடையாறில் புதிதாகத் தொடங்கியிருந்த ஒரு எப்.எம். நிலையத்தில் நிகழ்ச்சித் தயாரிப்பாளர். மதிய நேரத்தில் நேயர்களோடு பேச ஆள் தேடிக்கொண்டிருந்தார். நிலையத்தில் மற்றவர்கள், ‘இன்னா’வை ‘என்ன’ ஆக்கிக்கொண்டு வரச் சொன்னார்கள். சக்திவேல், “அது ‘என்ன’ ஆச்சுன்னா இவ இவளா இருக்க மாட்டா” என்று விட்டுவிட்டார். நிகழ்ச்சிக்குப் பெயர் ‘பட்டுன்னு பேசு’. தினமும் அவள் தொடங்குவது ஒரே வரியில்: “மன்சுல பட்டத, பட்டுன்னு பேசு!”

முதல் வாரமே மயிலாப்பூரிலிருந்து வேதாந்தம் என்ற பெரியவர் போன் செய்தார். “ஏம்மா, ரேடியோவுல இப்படியா பேசறது? தமிழைக் கொன்னுண்டிருக்கே.”

“மாமா, நீங்க ஆத்துல பேசுறத நான் மாத்த சொன்னேனா? நான் பேசுனது புர்ஞ்சுதா இல்லியா?”

“புரிஞ்சுதான் கோபம் வர்றது.”

“அப்ப நாளைக்கும் போன் பண்ணுங்க, கோவப்படலாம்.”

மனிதர் மறுநாளும் போன் செய்தார். இன்றுவரை செய்கிறார்.

நாற்பது தாண்டிய இவளுக்கு எதையும் மறைக்கத் தெரியாது. கல்யாணம் செய்து, ஒத்துவராமல் பிரிந்தாள். அதையும் வானொலியில் சொன்னாள்: “புடிக்கல, வந்துட்டேன். அவருக்கும் புடிக்கல, அவரும் சந்தோசமா கீறாரு. அடுத்த பாட்டு போலாமா?”

தொலைக்காட்சிக்குப் போனது இடையில். சமையல் நிகழ்ச்சிகளில் ஒரு சடங்கு உண்டு. சமைத்தவர் கரண்டியை நீட்டுவார். தொகுத்து வழங்குகிற பெண் ஒரு வாய் வைப்பாள், கண்ணை மூடுவாள், தலையை ஆட்டுவாள், “வாவ், சூப்பர்” என்பாள். பச்சைத் தண்ணீரைக் கொடுத்தாலும் அதேதான். ஜோதிலட்சுமியும் கொஞ்ச காலம் கண்ணை மூடித் தலையை ஆட்டினாள். ஒரு தீபாவளிக்கு நேரடி ஒளிபரப்பு. பெரிய ஓட்டல் சமையல்காரர் ஒருவர் பிரியாணி செய்தார். இவள் ஒரு வாய் வைத்தாள், கண்ணை மூடினாள், திறந்தாள்.

“சார், உப்பு இல்ல.”

“போட்டேனே மேடம்.”

“போட்டுருப்பீங்க. இதுல இல்ல.”

அடுத்த வாரம் அந்த நிகழ்ச்சியில் வேறொரு பெண் தலையை ஆட்டினாள். ஆனால் ‘உப்பு இல்ல’ என்ற அந்தத் துண்டு ஊரில் எல்லார் செல்போனிலும் சுற்றியது. வேறு தொலைக்காட்சிக்காரர்கள் கூப்பிட்டு, ஞாயிற்றுக்கிழமைகளில் அவளுக்கென்றே ஒரு பேட்டி நிகழ்ச்சி கொடுத்தார்கள். பகலில் வானொலி, ஞாயிறு தொலைக்காட்சி என்று மந்தைவெளியில் வீடு பிடித்து, என் தலைக்கு மேலே குடிவந்தாள்.

அப்படிப்பட்டவள்தான் ஊட்டிக்குப் போய்விட்டதாகச் சொல்லச் சொன்னாள்.

காரணம் முகம் மட்டுமல்ல. ‘ப’வும் ‘ம’வும் சொல்ல உதடு இரண்டும் சேர வேண்டும். இவளுக்கு வலது ஓரம் சேரவில்லை, அந்த இடுக்கு வழியாகக் காற்று போயிற்று. கண்ணாடி முன்னால் நின்று தன் நிகழ்ச்சியின் பெயரைச் சொல்லிப் பார்த்தாள். “ஃபட்டுன்னு ஃபேசு” என்று வந்தது. (அவளுடைய ‘ப’ எல்லாம் அப்போது இப்படித்தான் வந்தன, படிக்க வசதியாக நான் பெரும்பாலும் நேராகவே எழுதுகிறேன்.) கண்ணாடியைச் சுவர்ப்பக்கம் திருப்பி வைத்தாள்.

அவள் இடத்தில் மதுமதி என்ற சின்னப் பெண்ணை உட்கார வைத்தார்கள். நல்ல பெண். தினமும், “ஜோதி அக்கா ஊட்டில ஜாலியா இருக்காங்க, செம குளிராம்!” என்று சொல்வாள். நேயர்கள் அக்காவுக்குச் செய்தி அனுப்பினார்கள். ஒருத்தி கேரட் வாங்கி வரச் சொன்னாள், ஒருவர் ஊட்டி வர்க்கி பிஸ்கட் கேட்டார். கண்ணில் பட்டையோடு படுத்திருந்தவள் எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டிருந்தாள்.

இப்போது நிலையத்துக்குத் தலைவராகிவிட்ட சக்திவேல் ஒருநாள் நேரில் வந்தார். வாங்கி வந்த ஆப்பிளைக் கட்டில் ஓரத்தில் வைத்தார்.

“ஜோதி, தப்பா எடுத்துக்காதே. விளம்பரக்காரங்க கேக்கறாங்க. இந்த மாசக் கடைசிக்குள்ள வாய் சரியாகலேன்னா மதுமதியையே நிரந்தரமா போட வேண்டியிருக்கும்.”

“போடுங்க சார்” என்றாள். அவர் போனதும் சுவரைப் பார்த்துப் படுத்துக்கொண்டாள். அந்த நாற்காலியை விட்டால் இவளுக்கு வேறு வீடு வாசல் இல்லை என்பது எனக்குத் தெரியும். ஆனால் வாய் சரியாக வாரங்களும் ஆகலாம், மாதங்களும் ஆகலாம். கொஞ்சம் கோணல் நின்றுபோனாலும் போகலாம். டாக்டர் அதை மறைக்கவில்லை, நானும் மறைக்கவில்லை.

அவளுக்கு நான்தான் சமைத்துக் கொடுத்தேன். கன்னத்தில் சாப்பாடு ஒதுங்கிக்கொள்வதால் குழைவாகச் செய்ய வேண்டியிருந்தது. எதைக் கொடுத்தாலும், “நல்லாகீது சிஸ்டர்” என்பாள். ஒருநாள் ரசம் சாதத்தில் உப்புப் போட மறந்துவிட்டேன். என் வீட்டில் நான் ஒரு வாய் வைத்ததும்தான் தெரிந்தது. உப்பை எடுத்துக்கொண்டு மேலே ஏறினால், கிண்ணத்தில் பாதி காலி.

“சூப்பர் சிஸ்டர்” என்றாள்.

முகத்து நரம்புதான் நாக்கின் முன்பக்கத்திலிருந்து சுவையையும் கொண்டுபோகிறது. “எத்தனை நாளாக உப்புத் தெரியவில்லை?” என்று கேட்டேன்.

“மொதல் நாள்லேர்ந்து. பாதி நாக்கு துரு மாதிரி கீது.”

“என்னிடம் ஏன் சொல்லவில்லை?”

மீதிச் சாதத்தையும் வழித்துச் சாப்பிட்டாள். ஊசியை மட்டும் அன்று சத்தம் போடாமல் போட்டுக்கொண்டாள். அதுதான் எனக்குப் பிடிக்கவில்லை.

கண்ணகி நகரிலிருந்து அவளுடைய சித்தப்பா மகன் ஒருவன் கம்பிக்கூடையில் உயிருள்ள புறாவோடு வந்தான். வாதத்துக்குப் புறா ரத்தம் தடவ வேண்டுமாம். அவனுக்குக் காப்பி கொடுத்தேன், புறாவை மொட்டை மாடியில் திறந்துவிட்டேன். அது எங்கும் போகவில்லை. தண்ணீர்த் தொட்டி மேலேயே குடித்தனம் செய்கிறது. அதுவும் ஒரு தொல்லை.

முகத்துக்குப் பயிற்சி கொடுக்க அடையாறில் ஒரு பிசியோதெரபி நிலையம். போகும்போது முகக்கவசம், அதற்கு மேல் துப்பட்டா. குரலை வைத்துக் கண்டுபிடித்துவிடுவார்கள் என்று ஆட்டோவில் வாயே திறக்க மாட்டாள், வழி நான்தான் சொல்வேன். அன்று வந்த ஆட்டோக்காரரின் பெயர் மெஹபூப் அலி. மெட்ரோ வேலைக்காகத் தெருவை அடைத்திருந்ததால் சந்து சந்தாக நுழைந்து போனார். வண்டியில் அவளுடைய நிகழ்ச்சிதான் ஓடிக்கொண்டிருந்தது. மதுமதி ஊட்டிக் குளிரைப் பற்றிச் சொன்னதும், “அக்காவுக்கு ஊர வுட்டு வர மன்சே இல்ல போலக்கீது” என்று வானொலிக்கே பதில் சொன்னார். என் பக்கத்தில் இருந்தவள் துப்பட்டாவை இழுத்துவிட்டுக்கொண்டாள்.

அடையாறு பாலத்தில் ஏறும்போது அவருக்குப் போன் வந்தது. போனைக் காதுக்கும் தோளுக்கும் நடுவில் சொருகிக்கொண்டு ஒரு கையால் ஓட்டினார். பக்கத்தில் ஒரு பஸ் உரசுவது போல வந்தது.

“யோவ் நைனா! போன காதுல சொருவிகினு எங்க ஓட்டிகினு போற? எங்க ரெண்டு பேத்தையும் ஆத்துல எறக்கி வுடப் போறியா?”

பாலம் இறங்கியதும் வண்டி ஓரமாக நின்றது. மெஹபூப் அலி திரும்பினார்.

“அக்கா?”

“யாரு அக்கா?”

“டெய்லி கேக்குறேன், இந்தத் திட்டு எனக்கு தெரியாதா? ஊட்டிலேர்ந்து எப்ப வந்தீங்க?”

“இன்னிக்கி தான்.”

“ரேடியோல இப்பதான் அங்க குளுருன்னாங்க!”

கத்தியதில் முகக்கவசம் நழுவியிருந்ததால் அவள் வாயை அவர் பார்த்துவிட்டார். அவர் சிரிப்பு போயிற்று. “இன்னாக்கா ஆச்சு?”

முகவாதம், மெல்ல மெல்லக் குணமாகும் என்று நான் சொன்னேன். அவர் மறுபடி வண்டியை எடுத்து, பிசியோதெரபி வாசலில் நிறுத்தினார். நாங்கள் இறங்கும்போது சொன்னார்:

“என் பொண்ணு சாய்மா பத்தாவதுல ஃபெயிலு. நான் சொந்தக்காரங்க கிட்ட பாஸுன்னு சொல்லிகினு திரிஞ்சேன். உங்களுக்கு போன் பண்ணேன், ஞாபகம் கீதா? ‘நேத்து மீன ஏன் நைனா விக்கிற, நாறுமே’ன்னு லைன்லயே கியிச்சீங்க. அன்னிக்கே வூட்ல எல்லார் கிட்டயும் உண்மைய சொல்லிட்டேன். அது மறுபடி எய்தி பாஸ் பண்ணிச்சு.” மீட்டரை நிறுத்தினார். “நான் யார் கிட்டயும் சொல்ல மாட்டேங்க்கா, சத்தியமா. ஆனா நாறும்.”

அன்று பயிற்சியில் ஸ்ட்ரா வைத்து ஊதச் சொன்னபோது அவள் கவனமே அங்கே இல்லை. வீட்டுக்கு வந்ததும் சக்திவேலுக்குப் போன் செய்தாள்.

“சார், நாளைக்கு நான் வரேன்.”

“வாய் சரியாயிடுச்சா ஜோதி?”

“இல்ல. அதான் வரேன்.”

மறுநாள் நானும் கூடப் போனேன். ஏசி அறையில் கண் காய்ந்துவிடும், சொட்டு மருந்து விட வேண்டும். சாப்பாட்டு நேரமும் தவறக்கூடாது. கண்ணாடித் தடுப்புக்கு இந்தப் பக்கம் சக்திவேல் நின்றார். “முடியலேன்னா சொல்லு, உடனே பாட்டுப் போட்டுடறேன்” என்று ஒரு விரலைப் பொத்தான் மேலேயே வைத்திருந்தார். மதுமதி தன் நாற்காலியிலிருந்து எழுந்து பக்கத்து நாற்காலிக்கு மாறிக்கொண்டாள். சிவப்பு விளக்கு எரிந்தது.

ஜோதிலட்சுமி தன் வழக்கமான வரியைச் சொல்லவில்லை.

“வணக்கம். ஜோதிதான் ஃபேசுறேன். கேக்க ஒரு மாதிரி கீதுல்ல? நான் ஊட்டிக்கு ஃபோவல. மந்தவெளில தான் கீறேன். வாய் கோணிகிச்சு. மொகவாதம். இத்தினி வருசமா உங்க கூட வாதம் பண்ணிகினே இருந்தேன்ல? அதான், வாதம் வந்து என் கூடவே குந்திகிச்சு.”

சக்திவேலின் விரல் பொத்தானைத் தொட்டது, அழுத்தவில்லை.

“உப்பு இல்லன்னு சொன்ன நாக்கு இது. இப்ப பாதி நாக்குக்கு உப்பே தெரில. கீழ்வூட்டு சிஸ்டர் ஆக்கித் தர்றத எல்லாம் சூப்பரு சூப்பருன்னு பொய் சொல்லித் துன்னுகினுகீறேன். ஊட்டின்னு சொன்னதும் நேத்து மீனுதான். மதுமதி மேல தப்பு இல்ல, நான்தான் சொல்ல சொன்னேன். எங்கம்மா இருந்தா தொடப்பத்த தூக்கியிருக்கும். அவ்ளோதான். இப்ப நீங்க திட்டலாம்.”

போன் விளக்குகள் எல்லாம் ஒன்றாக எரிந்தன. முதல் அழைப்பு சைதாப்பேட்டையிலிருந்து ஒரு பெண்.

“அக்கா, அப்ப வர்க்கி இல்லியா?”

ஜோதிலட்சுமி சிரித்தாள். சிரிப்பு இடது பக்கமாகவே போயிற்று, வலது பக்கம் எச்சில் வழிந்தது. மதுமதி கைக்குட்டையை நீட்டினாள். அதன்பின் வைத்தியம் சொல்கிறவர்கள் வரிசையாக வந்தார்கள். பூண்டு, வேப்பெண்ணெய், மறுபடியும் புறா. “புறாவ வுட்டுடுங்கடா டேய், அது இன்னா பண்ணிச்சு உங்கள? வாய் கோணுனா அன்னிக்கே டாக்டராண்ட போங்க” என்று அவள் கத்தினாள். அந்தக் கத்தலில் இரண்டு மூன்று ‘ப’ ஒழுங்காகவே வந்ததைக் கவனித்தேன்.

கடைசியில் வேதாந்தம் மாமா.

“ஏம்மா ஜோதி, அப்பவே ஒன் தமிழைக் குத்தம் சொன்னவன் நான். ஆனா இன்னிக்கு ஒண்ணு கொறையறது. நீ ஆரம்பத்துல அந்த வரியைச் சொல்லவே இல்லை.”

“வரல மாமா. உதடு சேரல.”

“நோக்கு சேரலேன்னா என்ன, நேக்குச் சேர்றதே. நான் சொல்றேன்.” தொண்டையைச் செருமிக்கொண்டு, பாடம் ஒப்பிப்பவர் போல நிறுத்தி நிறுத்திச் சொன்னார்: “மனசுல பட்டத, பட்டுன்னு பேசு!”

“மாமா, ‘மன்சுல’ன்னு சொல்லணும்.”

“அது மட்டும் என்னால முடியாது.”

மாதக் கடைசி வந்தது, வாய் நேராகவில்லை. சக்திவேல் அந்தப் பேச்சையே எடுக்கவில்லை. மதுமதிக்குக் காலையில் தனி நிகழ்ச்சி கொடுத்தார். ‘பட்டுன்னு பேசு’ ஜோதிலட்சுமியிடமே இருக்கிறது. தினமும் முதலில் கூப்பிடுகிற நேயர்தான் அந்த வரியைச் சொல்ல வேண்டும் என்று ஆகிவிட்டது. மெஹபூப் அலி ஸ்டாண்டிலிருந்து முயன்றுகொண்டே இருந்தார், ஒருநாள் அவருக்கும் கிடைத்தது. ஆட்டோவை நிறுத்திவிட்டுத்தான் பேசினாராம்.

இப்போது ஊசியும் இல்லை, பட்டையும் இல்லை. ‘ப’ பெரும்பாலும் வந்துவிட்டது. ஆனாலும் அவள் அந்த வரியைத் திரும்ப வாங்கிக்கொள்ளவில்லை, “அவங்க சொல்றது என்னோடத வுட நல்லாகீது சிஸ்டர்” என்கிறாள். சிரித்தால் மட்டும் இன்னும் ஒரு பக்கமாகப் போகிறது. ஞாயிற்றுக்கிழமை நிகழ்ச்சியில் கேமராக்காரர் இடது பக்கமாகவே சுற்றிக்கொண்டிருந்தாராம். “நேரா நில்லு நைனா” என்று நிறுத்தியிருக்கிறாள்.

போன வாரம் கீரை மசியல் கொண்டுபோனேன். ஒரு வாய் வைத்தாள். கண்ணை மூடினாள். இரண்டு கண்ணும் முழுசாக மூடின. தலையை மெல்ல ஆட்டினாள்.

“சிஸ்டர், உப்பு ஜாஸ்தி.”

நானும் எடுத்துப் பார்த்தேன். ஜாஸ்திதான். கீழே போய் மோர் கொண்டுவந்து ஊற்றினேன்.